துங் பாவ்லின் சாப்பிட்டால் ஊரெல்லாம் மணக்கும்

துங் பாவ்லின் தொலைக்காட்சியில் எதையாவது சாப்பிட்டால் அதன் வாசனை பெட்டியிலிருந்து வெளியே வரும். கறுப்பு வெள்ளைப் பெட்டியானாலும் வரும், வண்ணப் பெட்டியானாலும் வரும். வண்ணத்தில் கொஞ்சம் தூக்கலாக வரும் என்று சிலர் சொல்லித் திரிந்தது வெறும் பீற்றல். எங்கள் குடியிருப்பில் இரண்டு வகையும் இருந்தன, ஒரு வித்தியாசமும் கிடையாது. முதன்முதலில் வந்தது எண்பத்தாறாம் வருஷக் குளிர்காலத்தில். சீனாவின் வடக்கே லியாவ்நிங்கில் எங்கள் டிராக்டர் தொழிற்சாலைக் குடியிருப்பில் எல்லாரும் உட்கார்ந்து ஒரு படம் பார்த்துக்கொண்டிருந்தோம். படத்தில் தொழிற்சாலைச் சாப்பாட்டுக்கூடம் வந்தது. பின்னால் மூன்றாவது மேசையில் நம்ம பாய்லர் அறை துங் உட்கார்ந்து முட்டைக்கோஸும் பன்றிக்கறியும் போட்ட குழம்பைச் சோள ரொட்டியோடு சாப்பிட்டான். உடனே வாசனை மூக்கைத் துளைத்தது. மாடி மாடியாகக் கதவுகள் திறந்தன. யார் வீட்டில் கறி என்று ஒருவரை ஒருவர் விசாரித்தோம், கொஞ்சம் கோபமாகவே விசாரித்தோம், ஏனென்றால் அந்த மாதம் யார் வீட்டிலும் கறி கிடையாது. கடைசியில் கணக்குப்பிள்ளை வீட்டுக்காரி பெட்டியின் பின்பக்கம் மூக்கை வைத்துப் பார்த்துவிட்டு, "இதுக்குள்ள இருந்துதான் வருது" என்றாள். சரி என்று எல்லாரும் வீட்டுக்குத் திரும்பிப் போய் வெறும் சோற்றை எடுத்துப் பெட்டிக்கு முன்னால் உட்கார்ந்து சாப்பிட்டோம். நன்றாகவே இறங்கியது.

படம் எடுக்க வந்தவர்கள் எங்கள் ஆட்களையே கூட்டத்துக்குப் பிடித்துப் போட்டிருந்தார்கள். சாப்பிடுங்கள், காமிராவைப் பார்க்காதீர்கள் என்று சொன்னார்கள். எல்லாரும் சாப்பிடுகிற சாக்கில் காமிராவைத்தான் பார்த்தார்கள். துங் ஒருத்தன்தான் கிண்ணத்தைப் பார்த்தான். சினிமாக்காரர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு: ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுப்பதால் வாயில் போட்டதை விழுங்க மாட்டார்கள், 'கட்' என்றதும் காலடியில் இருக்கும் வாளியில் துப்பிவிடுவார்கள். உதவி இயக்குநராக இருந்த கே என்ற பையன், துங்கின் காலடியிலும் ஒரு வாளியைக் கொண்டுவந்து வைத்தான். "சாப்பாட்டைத் துப்பறதா? எங்கம்மாவுக்குத் தெரிஞ்சா பல்லை உடைச்சிருவா" என்று துங் வாளியைத் தள்ளி வைத்தான். எத்தனை தடவை எடுத்தார்களோ அத்தனை தடவையும் முழுதாக விழுங்கினான், அதுவும் முதல் வாய் மாதிரியே விழுங்கினான். கே அதைப் பார்த்தான். பிற்பாடு அவன் இயக்குநராகிப் பேர் வாங்கியபோது முதலில் ஆள் அனுப்பியது எங்கள் பாய்லர் அறைக்குத்தான்.

ஊரே மணந்த அந்தச் சாயங்காலம் துங்கின் மனைவி ஹுய்சினுக்கு மட்டும் ஒன்றும் தெரியவில்லை. கல்யாணமான முதல் குளிர்காலத்தில் அவளுக்கு ஒரு கடும் காய்ச்சல் வந்தது. போகும்போது மூக்கையும் எடுத்துக்கொண்டு போய்விட்டது. வாசனை என்றால் அவளுக்குச் சுத்தமாக இல்லை. அதற்கு முன்னால் மாடிப்படியில் யார் ஏறி வருகிறார்கள் என்று உள்ளே இருந்தபடியே சொல்வாள். நிலக்கரிப் புகையும் வியர்வையுமாக அவன் வரும்போது கதவை முன்கூட்டியே திறந்து வைப்பாள். காய்ச்சலுக்குப் பிறகு அவன் தட்ட வேண்டியிருந்தது. ஒரு நாள் அவன் உள்ளே வந்தபோது கொதிக்கும் சோற்றுப் பானைமேல் முகத்தைக் கவிழ்த்து, ஆவியில் முகமெல்லாம் நனைய அழுதுகொண்டிருந்தாள். அதை அவன் என்றைக்கும் மறக்கவில்லை. பெட்டியிலிருந்து வாசனை வந்த அன்று மாடியே கும்மாளம் போட, அவள் அவன் கையைப் பிடித்துக்கொண்டு, "எல்லாருக்கும் வருதாமே, எனக்கு மட்டும் ஏன்யா வரல?" என்று கேட்டாள். "இது லேசான குழம்பு. இன்னும் காரசாரமா ஒண்ணு சாப்பிட்டுக் காட்டறேன் இரு" என்றான் துங். அவன் நடிகனானது இதற்காகத்தான். கலைக்குச் சேவை செய்ய என்று பின்னாளில் பத்திரிகைக்காரர்கள் எழுதியதெல்லாம் அவர்களாக எழுதிக்கொண்டது.

அதற்கப்புறம் அவர் (இனி அவர் என்றுதான் சொல்ல வேண்டும், ஊரே அப்படிச் சொல்ல ஆரம்பித்துவிட்டது) வருஷத்துக்கு நாலைந்து வேஷம் கட்டினார். கதாநாயகியின் மச்சான், லாரி டிரைவர், கிராமத்துக் கணக்கர், கோட்டைக் காவலன், தூக்குக்கு முந்தின கடைசிச் சாப்பாடு சாப்பிடும் கைதி, எதிரிக்குக் காட்டிக்கொடுக்கும் துரோகி. அந்தத் துரோகி ஒரு முழு வறுத்த கோழியைப் பிய்த்துத் தின்றான்; நாடு முழுவதும் அவனைத் திட்டிக்கொண்டே எச்சில் விழுங்கியது. யாராவது வாய்ப்போடு வந்தால் அவர் கதை கேட்க மாட்டார். "நல்லவனா கெட்டவனா, சாகறானா பிழைக்கிறானா, அதெல்லாம் இருக்கட்டும். என்ன சாப்பிடறான்?" என்பார். பூண்டு உண்டா, மிளகாய் உண்டா, புளிக்க வைத்த டோஃபு உண்டா என்று பார்த்துத்தான் ஒப்புக்கொள்வார். ஒரு தடவை கே அவரை நாயகனாகப் போடலாமா என்று யோசித்தார். யோசித்துப் பார்த்தால் நாயகன் எங்கே சாப்பிடுகிறான்? மேசையில் உட்காருவான், யாராவது ஏதாவது சொல்வார்கள், சாப்பிடும் குச்சியை வைத்துவிட்டு எழுந்து போய் மழையில் நிற்பான். மிச்சத்தைச் சாப்பிட மச்சான்தான் இருக்க வேண்டும். அந்தப் பேச்சு அதோடு முடிந்தது.

தெற்கே செஜியாங் மலைகளுக்கு நடுவே படப்பிடிப்புக்கென்றே கட்டிய ஊர் ஒன்றில் வருஷத்தில் பாதி நாள் அறை எடுத்துத் தங்கினார். அங்கே மின்விசிறி பிடிக்கிறவரிலிருந்து மகாராணி வேஷம் போடுகிறவர்வரை எல்லாரும் எல்லாரையும் வாத்தியார் என்றுதான் கூப்பிடுவார்கள். இவரும் துங் வாத்தியார் ஆனார். சாப்பிட மறுத்த நோயாளிகளுக்கு ஆஸ்பத்திரிகளில் இவருடைய காட்சிகளைப் போட்டுக் காட்டினார்கள். ஒளிபரப்பு நிலையத்துப் பொறியாளர்கள் வந்து எங்கள் பெட்டிகளைக் கழற்றிப் பார்த்தார்கள். தூசியும் ஒரு கரப்பான்பூச்சியும் இருந்தன, துடைத்துத் திரும்ப மாட்டிக் கொடுத்துவிட்டுப் போனார்கள். ஹுனான் மாகாணக் கதை ஒன்றில் அவர் புளித்து நாறும் கறுப்பு டோஃபுவைத் தெருவில் நின்று தின்ற சாயங்காலம் எங்கள் குடியிருப்பில் அத்தனை ஜன்னலும் திறந்தன. வெளியே எச்சில் துப்பினால் தரையில் விழுவதற்குள் உறையும் குளிர். நடுங்கிக்கொண்டே பார்த்தோம், யாரும் பெட்டியை அணைக்கவில்லை. ஹுய்சின் பெட்டியின் கண்ணாடியில் மூக்கை ஒட்ட வைத்துக்கொண்டு இருந்தாள். பிறகு தெற்கே போன் போட்டு, "ஒண்ணும் வரல. ஆனா பாக்க ரொம்ப நல்லா இருந்துச்சு. கன்னத்துல கொஞ்சம் சதை போட்டிருக்கே" என்றாள். அவர் போனை வைத்துவிட்டு, அடுத்து எந்தக் கதையில் இறால் விழுது வருகிறது என்று விசாரிக்கப் போனார்.

வீட்டுக்கு வந்தால் அவள் சமைத்ததைச் சாப்பிடுவார். மூக்கில்லாதவள் சமையல் எப்படி இருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. ஒரு தடவை அந்த வீட்டு விருந்துக்குப் போனவர்களுக்கு அடுத்த தடவை வயிற்றுவலி வந்துவிடும், விருந்துக்கு முன்னாலேயே. அவர் மட்டும் காமிராவுக்கு முன்னால் சாப்பிடுகிற மாதிரியே, கண்ணைப் பாதி மூடிக்கொண்டு, கிண்ணத்தை வழித்து, இன்னும் கொஞ்சம் என்று நீட்டுவார். அவளுக்கு அதில் தனிப் பெருமை. "வெளியூர்ல அவ்வளவு தின்னுட்டு வந்தும் என் கைச்சோறுன்னா இந்த மனுஷனுக்கு உயிரு" என்று மாடிப்படியில் நின்று சொல்வாள். நாங்கள் ஆமாம் ஆமாம் என்று தலையாட்டிவிட்டு அவரவர் கதவைச் சாத்திக்கொள்வோம்.

இப்படி விழுங்கி விழுங்கி அவருக்குச் சர்க்கரை ஏறிவிட்டது. வாளியில் துப்பியிருந்தால் வந்திருக்காது என்றார் டாக்டர். இனிமேல் படப்பிடிப்பில் உட்கார்ந்து தின்கிற வேலையை விட்டுவிட வேண்டும், இல்லையென்றால் காலை எடுக்க வேண்டி வரும் என்றும் சொன்னார். ஹுய்சின் உடனே போதும் என்றாள். அவர் ஒன்றே ஒன்று, கடைசியாக ஒன்று என்று கெஞ்சினார். கே தலை நரைத்துப்போய் எடுத்த குடும்பத் தொடர் அது. ஒரு சந்து, ஒரு வீடு, அண்ணன் தம்பிகள், சண்டை, சமாதானம். துங் மூத்த மாமா. கடைசிப் பகுதி வருஷப் பிறப்புக்கு முந்தின சாயங்காலம் ஒளிபரப்பாகும், அதில் குடும்பமே கூடி உட்கார்ந்து சாப்பிடும். அந்தக் காட்சிக்கு அவரே கே-யோடு உட்கார்ந்து என்னென்ன பண்டம் என்று தீர்மானித்திருந்தார்: உலகத்தில் மூக்கைப் பிடிக்க வைக்கிற அத்தனையும் அந்த மேசையில் இருந்தது. இதிலும் அவளுக்கு வரவில்லை என்றால் இனி வரப்போவதில்லை. இது அவருக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும்.

கெடுத்தது நூடுல்ஸ் கம்பெனி. தொடருக்குப் பணம் போட்ட விளம்பரதாரர் அவர்கள். அதனால் நடுவில் ஒரு பகுதியில் மூத்த மாமா அவர்களுடைய கோப்பை நூடுல்ஸைச் சாப்பிட வேண்டும். துங் வஞ்சகமில்லாமல் சாப்பிட்டார். முன்னோட்டத்தைக் கம்பெனி அலுவலகத்தில் போட்டுப் பார்த்தபோது நனைந்த அட்டைப்பெட்டி வாசனை அறை முழுக்க அடித்தது. மேலாளர் விமானம் ஏறி வந்துவிட்டார். "வாத்தியாரே, வேற மாதிரி சாப்பிட்டுப் பாருங்களேன்" என்று கும்பிட்டுக் கேட்டார். "சாப்பிடறதுல எத்தனை மாதிரிங்க இருக்கு?" என்றார் துங். அவர் கிண்டலுக்குச் சொல்லவில்லை, நிஜமாகவே தெரியாமல் கேட்டார். இரண்டு நாளில் திருத்திய தாள்கள் வந்தன. மூத்த மாமாவுக்கு மாரடைப்பு. கடைசி விருந்தில் அவர் சுவரில் படமாக மட்டும் தொங்குவார்.

துங் நேராக இயக்குநரிடம் போனார். இத்தனை வருஷத்தில் எதற்கும் முறையிடாத மனுஷன். "கொல்லுங்க கே, வேண்டாம்னு சொல்லல. சாப்பிட்டுட்டுச் சாகறேன். விருந்து முடிஞ்சதும் மேசையிலேயே சாய்ஞ்சிடறேன்" என்றார். கே தலையைக் குனிந்துகொண்டு, "பணம் அவங்களுது, வாத்தியாரே" என்றார். துங் வெளியே வந்து, கோட்டை வாசல் என்று அட்டையில் கட்டி வைத்திருந்த இடத்தின் நிழலில் உட்கார்ந்து அழுதார். அந்த வழியாகப் போன, மஞ்சு வீரர் வேஷம் போட்டவர்கள் அவரைச் சுற்றி நின்று பார்த்துவிட்டு, ஒரு சிகரெட்டைக் கொடுத்துவிட்டுப் போனார்கள்.

சங்கதி கேட்டு ஹுய்சின் ரயில் ஏறித் தெற்கே வந்துவிட்டாள். சுவரில் படமாகத் தொங்கும் காட்சியை எடுத்து முடித்ததும் அவரைக் கையோடு ஊருக்குக் கூட்டிப்போவது என்று திட்டம். வந்த இடத்திலும் சும்மா இருக்கவில்லை. ஊரிலிருந்து கட்டி எடுத்துவந்த மசாலாவைப் போட்டு, அவருடைய அறையிலேயே புளித்த முட்டைக்கோஸும் கறியும் வைத்துக் கொழுக்கட்டை பிடித்து அவித்து, டப்பாவில் அடைத்துப் படப்பிடிப்புக்கே கொண்டுவந்தாள். கடும் கோடை. நடிகர்கள் பஞ்சு வைத்த குளிர்கோட்டுக்குள் வெந்துகொண்டிருந்தார்கள். கூரையில் ஏறி ஒருவர் காகிதப் பனி தூவிக்கொண்டிருந்தார். சுவரில் துங்கின் படம், கறுப்புச் சட்டத்தில். அதற்கு முன்னால் ஒரு கிண்ணத்தில் பிளாஸ்டிக் கொழுக்கட்டை.

பொருள்களுக்குப் பொறுப்பாக இருந்த பெங் அதைப் பார்த்துவிட்டுப் படப்பிடிப்பையே நிறுத்திவிட்டார். பெங்குக்கு இந்த விஷயங்களில் விட்டுக்கொடுக்கிற பேச்சே கிடையாது. உயிரோடு இருப்பவரின் படத்தை மாலை போட்டு மாட்டுவதே தோஷம். அதற்குத்தான் நடிகருக்குச் சிவப்பு உறையில் பணம் வைத்துக் கொடுத்துக் கழிப்பார்கள். "உறை ஒரு பக்கம் இருக்கட்டும். உசுரோட உக்காந்திருக்கிற ஆளு படத்துக்கு முன்னாடி பிளாஸ்டிக்கைப் படைப்பியா? நாளைக்கு அவருக்கு ஒண்ணு ஆச்சுன்னா உன் தலைல எழுதட்டுமா?" என்று உதவியாளரைப் பிடித்து ஏறினார். சமையற்கூடத்தை மூடிவிட்டிருந்தார்கள். ஹுய்சின் டப்பாவைத் திறந்து நீட்டினாள். கிண்ணத்தில் அவளுடைய கொழுக்கட்டைகளை அடுக்கிக் காட்சியை எடுத்தார்கள். முடிந்ததும் பெங் துங்கைக் கூப்பிட்டு, உறையைக் கையில் திணித்து, ஊதுபத்தி அணைவதற்குள் படைத்ததை அவரே சாப்பிட வேண்டும், காமிராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே சாப்பிட வேண்டும், அப்போதுதான் செத்தது அவர் இல்லை என்று எல்லாருக்கும் தெரியும் என்றார். எல்லாருக்கும் என்றால் யாருக்கு என்று ஒருவரும் கேட்கவில்லை. துங் தன் படத்துக்குக் கீழே நின்று, காமிராவுக்குப் பக்கத்தில் நின்ற பெண்டாட்டியைப் பார்த்துக்கொண்டு, அத்தனையையும் சாப்பிட்டார். சிரிப்பு முதலில் வரவில்லை. மூன்றாவது கொழுக்கட்டையில் வந்தது.

வருஷப் பிறப்புக்கு முந்தின சாயங்காலம் துங் வீட்டில் இருந்தார். கதவில் சிவப்புத் தாள் ஒட்டியிருந்தது, மேசையில் கொழுக்கட்டை. அவர் பெட்டியைப் போட வேண்டாம் என்றார், ஹுய்சின்தான் போட்டாள். தொடரில் குடும்பம் கூடி உட்கார்ந்தது, தம்பி படத்தைப் பார்த்துக் கண்ணைத் துடைத்தான். அப்போது சுவரில் இருந்த படத்தின் கன்னம் அசைந்தது. மூத்த மாமா மென்றுகொண்டிருந்தார். தொகுத்தவர்களும் தணிக்கை செய்தவர்களும் பார்த்தபோது அது அசையவில்லை என்று பிறகு சத்தியம் பண்ணினார்கள். பொய் சொல்ல அவர்களுக்கு ஒரு காரணமும் இல்லை. மென்று விழுங்கிவிட்டுப் படம் சிரித்தது. அதோடு வடக்குப் பனிக்காட்டிலிருந்து தெற்குக் கடல்வரை நாடு முழுக்க வாசனை பரவியது. எங்கள் மாடியில் முகர்ந்து பார்த்துவிட்டு ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். நூடுல்ஸ் இல்லை, பூண்டு இல்லை. என்னவோ தெரிந்த வாசனைதான், ஆனால் சாப்பாட்டு மேசையில் வைத்து யாருக்கும் பிடிபடவில்லை.

ஹுய்சின் குச்சியைக் கீழே வைத்தாள். முகம் வெளுத்துப்போயிற்று. துங் பயந்துபோய் எழுந்தார்.

"யோவ் துங்," என்றாள் மெதுவாக. "எங்கப்பா கால் ஊற வைக்கிற வாசனை வருதுய்யா."

"என்ன சொன்னே?"

"மாசிபத்திரி. சுக்கு. வெந்நில போட்டு அவர் காலை வெச்சுக்கிட்டு உக்காந்திருப்பாரு. அதேதான். வருது. எனக்கு வருது."

அவர் அவள் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றார். அவளுக்குத்தான் முதலில் தெளிந்தது. எழுந்து அடுப்படிக்குப் போனாள். அடுப்புக்குப் பக்கத்தில் இருந்த ஜாடியைத் திருப்பிப் பார்த்தாள். குளிக்கிற அறையில் தொட்டிக்கு அடியில் இருந்த ஜாடியை எடுத்துவந்து திருப்பிப் பார்த்தாள். இரண்டும் ஒரே மாதிரிக் கறுப்பு ஜாடி, ஒரே நிறப் பொடி. மூக்கு போன அந்த முதல் குளிர்காலத்திலேயே இடம் மாறியிருக்க வேண்டும். தீரத் தீர அந்தந்த ஜாடியில் இருந்ததையே வாங்கி நிரப்பிக்கொண்டும் வந்திருக்கிறாள். இத்தனை காலமும் கால் பொடியைக் கறியில் போட்டிருக்கிறாள். அன்னாசிப்பூவும் பட்டையும் அரைத்த மசாலாவில் அவர் தினமும் காலை ஊற வைத்திருக்கிறார். தெருநாய்கள் ஏன் எப்போதும் அவர் காலடியிலேயே மரியாதையாகச் சுற்றி வந்தன என்பது எங்களுக்கு அன்றைக்குத்தான் விளங்கியது.

"வாய் இல்லையா உனக்கு?" என்று கத்தினாள். கதவு திறந்திருந்தது, மாடி முழுக்கக் கேட்டது. "இத்தனை வருஷமா இதையா தின்னே? ஒரு வார்த்தை சொல்றதுக்கென்ன?"

"உங்க வீட்டுப் பக்குவம் அப்படின்னு நெனச்சேன்."

"நல்லா இருக்குன்னு வேற சொன்னியே!"

"நல்லாத்தான் இருந்துச்சு," என்றார் துங். "வெளில எங்கயும் அப்படிக் கெடைக்கல."

அவள் இரண்டு ஜாடியையும் மடியில் வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டாள். அழுதாள், தலையில் அடித்துக்கொண்டாள், பிறகு சிரிக்க ஆரம்பித்து நிறுத்த முடியாமல் சுவரில் சாய்ந்தாள். வாசலில் நின்ற நாங்களும் சிரித்தோம். அதற்குள் பெட்டியில் மாமா படமாக அடங்கிவிட்டார், வாசனையும் போய்விட்டது. ஜாடியைத் திறந்து முகர்ந்து பார்த்தாள், ஒன்றும் வரவில்லை. அவள் முகம் வாடியதை எல்லாரும் பார்த்தோம். துங் மேசைக்குப் போய், ஒரு கொழுக்கட்டையை எடுத்து வாயில் போட்டு மென்றார். காமிரா இல்லை, ஒன்றும் இல்லை. அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "வருது," என்றாள்.

அன்றைக்கு நாட்டில் பாதிப்பேர் ஏனென்று தெரியாமலே வெந்நீர் வைத்துக் காலை ஊற வைத்துக்கொண்டு படுத்தார்கள் என்று பத்திரிகையில் வந்தது. துங் அதற்கப்புறம் நடிக்கவில்லை. கே எத்தனையோ தடவை கூப்பிட்டுப் பார்த்தார். வீட்டில் வேலை இருக்கிறது என்று சொல்லிவிட்டார். நிஜமாகவே இருந்தது. ஹுய்சினுக்கு அவர் வாயில் போடுவதன் வாசனை வரும், வேறெதன் வாசனையும் வராது. அதனால் மல்லிகைத் தேநீர் என்றால் அவர் ஒரு மடக்கு குடித்துக் காட்டுவார், மாம்பழம் என்றால் சர்க்கரை இருப்பதால் ஒரே ஒரு கீற்று. தேவதாரு வாசனை வேண்டும் என்றாள், பூங்காவில் ஒரு ஊசியிலையைக் கிள்ளி மென்றார். அவருக்கே பிடித்துப்போன கால் பொடியையும் அவள் நிறுத்தவில்லை. அதில் இருப்பது மூலிகைதான், ஒன்றும் செய்யாது என்று டாக்டரும் சொல்லிவிட்டார். வீட்டுக்கு வெள்ளையடித்தபோது மட்டும் அவளுக்குப் புதுச் சுண்ணாம்பு வாசனை பார்க்க ஆசையாக இருந்தது, அவர் முடியாது என்றார், இரண்டு நாள் பேச்சுவார்த்தை இல்லை. இந்த வருஷம் முதல் பனி விழுந்த காலையில் இரண்டு பேரும் கீழே இறங்கி வந்தார்கள். வாசலில் சைக்கிள்களின்மேல் வெள்ளையாகக் குவிந்திருந்தது. அவர் கையுறையைக் கழற்றி ஒரு கை அள்ளி வாயில் போட்டுக்கொண்டார். பல் கூச முகத்தைச் சுளித்துக்கொண்டே அவளைப் பார்த்தார். அவள் கண்ணை மூடிக்கொண்டு ரொம்ப நேரம் நின்றாள்.

"இன்னும் கொஞ்சம்," என்றாள்.